ஏனோதானோ

காலை ஐந்தே முக்கால் மணி. ஆடி வெள்ளிக்கிழமை. எங்கள் தெருவில், தறியில் ஏற்றவேண்டிய அப்பாவின் பட்டுப்பாவு நாலைந்து வீட்டு நீளத்துக்கு நீட்டிக் கிடந்தது. வெயில் ஏறுவதற்குள் கஞ்சி தடவி, இழை பிரித்து முடிக்க வேண்டும். தெருவே கைகொடுக்க வந்திருந்தது. ஒரு முனைக் கழியை அப்பா பிடித்திருந்தார், மறுமுனையைச் சித்தப்பா. இடையில் விட்டால் பாவு மண்ணில் விழுந்து சிக்கிக்கொள்ளும்.

சித்தப்பா எதையும் ஏனோதானோ என்றுதான் செய்வார் என்பது அம்மாவின் தீர்ப்பு. அந்த வார்த்தை எங்கிருந்து வந்தது என்று ஒருநாள் கேட்டேன். "உங்க சித்தப்பாகிட்டருந்துதான்" என்றாள். நம்பிவிட்டேன். பிற்பாடு தமிழாசிரியர் வேறு மாதிரி சொன்னார். ஏன் செய்ய வேண்டும், நான்தானா செய்ய வேண்டும் என்ற இரண்டு முனகல்கள் ஒட்டிக்கொண்டு அப்படி ஆகியிருக்கலாமாம். அவருக்கும் நிச்சயமில்லை.

அன்றும் சித்தப்பா கொட்டாவி விட்டபடி தெருவை வேடிக்கை பார்த்தார்.

"பாவப் பாருடா. பராக்கு பாத்துகினு நிக்கிறான்" என்றார் அப்பா.

சித்தப்பா என்னிடம் கேட்டார். "பாப்பா எங்கேம்மா?"

பாப்பா என்றால் என் மூன்று வயதுத் தங்கை.

"உள்ள தூங்கறா" என்றாள் அம்மா, கஞ்சி தடவுவதை நிறுத்தாமல்.

"கதவு தொறந்துகினு இருக்குதே அண்ணி."

சொன்னவர் கழியைப் போட்டுவிட்டு ஓடினார். பாவு தொய்ந்து மண்ணில் படிந்தது. அப்பா திட்டியதை எழுத முடியாது. அதற்குள் வீட்டுக்குள் போய்ப் பார்த்த அம்மாவின் அலறல் கேட்டது. பாய் காலி.

பிடித்திருந்தவர்கள் ஆளுக்கொரு பக்கம் ஓடினார்கள். கிணறு, கோயில், குறுக்குச் சந்து. அப்பா மட்டும் கழியோடு அங்கேயே நின்றார். விழுந்துபோன பாவை ஏன் இன்னும் பிடித்துக்கொண்டிருக்கிறார் என்று எனக்குப் புரியவில்லை. கோபம்கூட வந்தது. இப்போது என் மகன் வேலைக்குப் போகும் செய்யாறிலிருந்து கம்பெனி பஸ் வரத் தாமதமாகி, அவனும் போனை எடுக்காத மாலைகளில், கரண்டியோ துடைப்பமோ, கையில் இருப்பதை இறுகப் பிடித்தபடி நானும் அப்படித்தான் நிற்கிறேன். போன வாரமும் நின்றேன்.

வெயில் நன்றாக ஏறிய பிறகு சித்தப்பா வந்தார். காலில் செருப்பில்லை. தோளில் தங்கை, அவள் கையில் யாரோ கொடுத்த முறுக்கு.

"படவேட்டு பஸ்ல, கோயிலுக்குப் போற பொம்பளைங்களோட ஏறி, ஜன்னலோரமா குந்திகினு இருந்தா" என்றார். பிறகு மண்ணில் கிடந்த பாவைப் பார்த்தார்.

"ரொம்ப அறுந்துட்சாண்ணா?"