மாமா வருகிற படம்

இதை எழுதலாமா வேண்டாமா என்று பல வருடம் தள்ளிப்போட்டேன். திருட்டு சிடிக்கு வக்காலத்து வாங்குகிறான் என்பார்களே என்ற பயம். அத்தை கர்த்தரிடம் போய்ச் சேர்ந்த பிறகும் எழுதாவிட்டால் அதுதான் பாவம்.

அத்தையின் கணவர், என் மாமா, ஆம்பூரில் தோல் பதனிடும் டேனரி ஒன்றில் கழிவுத் தொட்டிக்குள் இறங்கி வேலை செய்தவர். அப்படி இறங்குகிறவர்கள் படும் பாட்டைச் சொல்லும் ஒரு படத்தை எங்கள் தெருவிலேயே எடுத்தார்கள். ஒரு காட்சியில் மாமா வந்து சிரித்தார். படம் வெளிவருவதற்குள் அதே தொட்டியில் விஷவாயு தாக்கிச் செத்தார். வீட்டில் இருந்தது, கல்யாணத்தில் அவர் முறைத்துக்கொண்டு நிற்கும் போட்டோ ஒன்றுதான். அவர் சிரிப்பதை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும் என்று அத்தைக்கு ஏக்கம். படமோ எங்கள் பக்கத்துத் தியேட்டர் எதிலும் வரவில்லை.

சித்தப்பா வேலூர் பஸ் ஸ்டாண்டில் அதன் சிடியை வாங்கி வந்தார். சபை மூப்பரான அப்பா, "களவு மாலு வூட்டுக்குள்ள வரக்கூடாது" என்றார்.

"காசு குடுத்துப் பாக்கலாம்னா எந்தத் தியேட்டர்ல ஓடுதுண்ணா? சொல்லு, இப்பவே இட்டுனு போறேன்" என்றார் சித்தப்பா. அப்பா சிடியை வாங்கி பைபிளுக்குப் பக்கத்தில் வைத்தார்.

மாமாவின் முதல் வருட நினைவு ஜெபத்தன்று போடுவதாக முடிவானது. எங்கள் ஜனம் செய்த வேலையைக் கேளுங்கள். கல்யாண அறிவிப்புகளோடு சேர்த்து இதையும் ஆராதனையில் அறிவித்தார்கள்! ஒளித்துச் செய்யத் தெரியாத ஜனம்.

அன்று மத்தியானம் வீடு நிறைய ஆள். ஜெபம் செய்து, பாட்டுப் பாடி, பிறகுதான் டிவியைப் போட்டார்கள். மாமா வரும் காட்சிக்கு முன்பே போலீஸ் வந்துவிட்டது.

"இன்னாய்யா, ஜெபக்கூட்டமா, திருட்டு சிடி கூட்டமா?"

அத்தை எழுந்து போய்க் கைகூப்பினார். "சார், எங்க வூட்டுக்காரரு வர்ற எடம் இன்னும் வரல. அத மட்டும் பாத்துக்கறேன், அப்புறம் எடுத்துக்கினு போங்க."

"பெர்மிசன் இருக்காம்மா?"

"செத்துப்போன புருசன் மூஞ்சியப் பாக்க யாராண்ட சார் பெர்மிசன் வாங்கணும்?"

பிளேயரையும் சித்தப்பாவையும் ஜீப்பில் ஏற்றினார்கள். மாமா செத்த அன்று அந்தத் தொட்டியை எட்டிப் பார்க்க ஒரு ஜீப்பும் வரவில்லை.

படம் எடுத்தவர்தான் புகார் கொடுத்தார் என்று நினைத்து, அவரைத் தண்டிக்கும்படி வெகுகாலம் ஜெபித்தேன். புகார் டேனரியிலிருந்து போனது என்பதோ, பிறர் உழைப்பைக் காக்க வந்த சட்டத்தைத் தன் குற்றத்தை மூடவும் ஒருவன் கையில் எடுப்பான் என்பதோ அந்த வயதில் எனக்குப் புரியவில்லை.

இதை யாருக்குச் சொன்னாலும் எழுதியபடியே சொல்லுங்கள். எங்களுக்குச் சாதகமாகத் திருத்த வேண்டாம். அது திருட்டு சிடிதான். அதன் பிறகு அந்தப் படம் எங்கள் கைக்குக் கிடைக்கவேயில்லை. மாமா சிரித்ததை அத்தை கடைசிவரை பார்க்கவில்லை.