உப்புக் கறையும் ஒரு முகமும்

என் கணவரின் முதல் மனைவியைச் சுனாமி கொண்டுபோய்விட்டது. மிஞ்சியது கடல்நீரில் ஊறிய ஒரே ஒரு புகைப்படம். நினைவு நாளுக்குள் அதைச் சரிசெய்து தரும்படி கணவர் கேட்டார். கல்லூரியில் கணிதம் படித்த என்னால் மறுக்க முடியவில்லை. எங்கள் தீவில் டெய்ரி ஃபார்ம் என்ற பகுதியிலிருக்கும் வீட்டில், என் கைக்குழந்தையை மடியில் கிடத்திக்கொண்டு கணினி முன் உட்கார்ந்தேன்.

கன்வல்யூஷன் என்ற கணக்குதான் அதற்கு வழி. எண்கள் நிரம்பிய ஒரு சிறு கட்டம் படம் முழுக்க நகர்ந்து, ஒவ்வொரு புள்ளியையும் அக்கம்பக்கத்துப் புள்ளிகளோடு கலக்கும். கட்டம் சிறியதாக இருந்தால் கறை மட்டும் மங்கும். பெரிதானால் முகமும் கரையும். அந்தக் கண்களின் அழகைப் பொறுக்க முடியாமல் நான் கட்டத்தைப் பெரிதாக்கிக்கொண்டே போனேன்.

சுனாமியின்போது தவழ்ந்துகொண்டிருந்த கணவரின் மகள் திரையை எட்டிப் பார்த்தாள். பெற்றவள் முகம் அவளுக்கு நினைவில்லை.

"அரே, இது நீங்கதானே சித்தி?" என்றாள், தீவுப் பிள்ளைகளின் இந்தி கலந்த பேச்சில்.

"இல்லடி, உங்கம்மா."

"அச்சா! எங்கம்மா உங்கள மாதிரியேவா இருந்தாங்க?"

அவள் குதித்தாள். இந்த மங்கலைத்தான் ஆயுசு முழுக்க அம்மா என்று நினைத்துக்கொண்டிருப்பாளா?

"இரு, இன்னும் முடியல" என்று பழைய படத்தைத் திறந்து, சிறிய கட்டத்தோடு மறுபடி தொடங்கினேன். கொஞ்சம் கறை மிஞ்சியது. கண்கள் தெளிவாகத் தெரிந்தன.

வெகுநேரம் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "உங்களவிட அழகு, சித்தி."

"ஆமா" என்றேன்.

சுவரில் மாட்டிய அந்தப் படத்தைத் துடைக்கும்போதெல்லாம் இப்போதும் எனக்குப் பொறாமையாகத்தான் இருக்கிறது. ஆனாலும் கண்கள் இருக்கும் இடத்தை இன்னொரு முறை துடைக்கிறேன்.