அந்தோணியின் உள்ளங்கால்

ராயபுரத்தில் மீன்குழம்புச் சாப்பாடு முடித்துவிட்டு, ரங்கூன் கப்பலுக்குப் படகில் திரும்பிக்கொண்டிருக்கிறேன். துறைமுகத்தின் நடுவே மிதவையில் கட்டிக் கிடக்கிறது கப்பல். என் பெட்டி, படுக்கை, மாற்றுவேட்டி எல்லாம் அதில்தான்.

படகுக்காரர் அந்தோணி துடுப்பை மடியில் போட்டுக்கொண்டு பீடி பற்றவைக்கிறார்.

"சங்கு ஊதிவிட்டதே, சீக்கிரம் போங்கள்" என்கிறேன்.

"அது ஊதிக்கினேதான் கீது, நைனா. கெளம்பறச்சே இஞ்சின் தடதடன்னும். தண்ணி நடுங்கும், இந்தப் பலகை நடுங்கும், என் காலு கண்டுக்கும்."

இங்கே படகுக்காரர்கள் எல்லாருமே கப்பல் கிளம்புவதை உள்ளங்காலால்தான் தெரிந்துகொள்கிறார்களாம்.

இது புது மாதிரிக் கப்பல். நீராவியால் மின்சாரம் உண்டாக்கி, அதில் ஓடும் மோட்டார்தான் தண்ணீருக்குள் இருக்கும் விசிறியைச் சுற்றுகிறது. அவ்வளவாகத் தடதடக்காது என்று விளக்குகிறேன். காலையில் கப்பல் அதிகாரி எனக்குச் சொன்னதை, நானே கண்டுபிடித்தது போலச் சொல்கிறேன்.

"கரண்டா? எங்க தெருவுல நாலு வெளக்கையே அதால ஒழுங்கா எரிக்க முடியல. இம்மாம்பெரிய கப்பலை இழுத்துடுமா?"

பதில் சொல்ல நிமிர்கிறேன். கப்பலுக்கும் எங்களுக்கும் நடுவே தண்ணீர் அதிகமாகியிருக்கிறது. மேல்தளத்தில் யாரோ கையசைத்து எனக்கு விடைகொடுக்கிறார்.

"அந்தோணி, கப்பல் போகிறது."

அவர் பீடியை எறிந்துவிட்டு, இரண்டு காலையும் பலகையில் ஊன்றிக் கண்ணை மூடிக்கொள்கிறார்.

"இல்லியே, நைனா."

அவர் கண்ணைத் திறக்கும்போது கப்பல் துறைமுக வாயைத் தாண்டிக்கொண்டிருக்கிறது.

"என் காலு தப்பு சொல்லாது, நைனா. கப்பல்தான் சொல்லாம கொள்ளாம பூடுச்சி."