பிரதம விருந்தினரின் காது

குடிவரவு அலுவலகத்தில் காலமெல்லாம் கோப்புப் பார்த்து ஓய்வு பெற்றவள் என்ற முறையில் சொல்கிறேன்: என் மாமா பொன்னாடை போர்த்தியது தவறான அரசாங்கத்துக்கு. விசா கொடுப்பது ஒட்டாவாவில் இருக்கும் கனடிய மத்திய அரசு. மாமா பிடித்ததோ மாகாண சட்டமன்ற உறுப்பினரை.

மாமி அப்போது யாழ்ப்பாணத்தில், ஷெல் சத்தத்துக்கு நடுவே, விசாவுக்குக் காத்திருந்தார். எங்கள் தொகுதி உறுப்பினர் ஒரு சட்டத்தரணி. ஓவியக் கூடங்களுக்கும் இசைக் குழுக்களுக்கும் வாரி வழங்குபவர் என்று பெயர். ஆகவே மாமா ஸ்காபரோவில் ஒரு பள்ளிக்கூட மண்டபம் எடுத்து, கச்சேரி வைத்து, அவரைப் பிரதம விருந்தினராக்கினார். முடிவில் மாமியின் விஷயத்தை எடுப்பது திட்டம். சிறுமியான என்னை அவர் பக்கத்தில் இருத்தினார்.

“பிள்ளை, ராகமெல்லாம் அவருக்கு விளங்கப்படுத்து.”

“எனக்கே விளங்காதே மாமா.”

“அவருக்கு மட்டும் விளங்கப்போகுதே? சும்மா சொல்லு.”

சொல்ல வேண்டி வரவில்லை. சுருதி சேர்க்கும்போதே அவர் காதிலிருந்த கேட்புக் கருவியைக் கழற்றிச் சட்டைப்பைக்குள் போட்டார். பிறகு கண்ணை மூடி, முகம் மலர்ந்து இருந்தார்.

“பாருங்கோ, மனுசன் சொக்கிப்போனார்,” என்று பின்வரிசை அன்ரி ஒருவர் மெச்சினார்.

கச்சேரி முடிந்ததும் மாமா, பாடமாக்கி வைத்திருந்த ஆங்கிலத்தில் மாமியின் கதையைச் சொன்னார். அவர் புன்னகையோடு தலையாட்டினார்.

“ஓமெண்டிட்டார்!” மாமாவின் கண் கலங்கிவிட்டது.

“மாமா, அவரின்ர காது பொக்கற்றுக்கை கிடக்கு.”

என் விரல் போன இடத்தைப் பார்த்து அவர் சிவந்துபோனார். கருவியை மாட்டிக்கொண்டு, கதையை மறுபடி சொல்லச் சொன்னார். கேட்டு முடித்து, விசா தன் அரசாங்கத்தின் கையில் இல்லை என்றார். மாமா அப்படியே கதிரையில் இருந்துவிட்டார். ஆனால் தான் சட்டத்தரணியும்தானே, அலுவலகத்துக்கு வாருங்கள் என்றார் அவர். மனுவைத் தானே எழுதினார்; கட்டணம் வாங்கவில்லை. அடுத்த குளிருக்கு மாமி வந்து இறங்கினார்.

அதன் பிறகும் மாமா ஆண்டுதோறும் அவரை அழைத்தார். அவரும் தவறாமல் வந்து, கருவியைக் கழற்றி வைத்துவிட்டு, கண்ணை மூடிக்கொண்டார். பாட்டே காதில் விழாதவருக்கு முன்வரிசை எதற்கு என்று எனக்கு எரிச்சலாக இருக்கும். எவரும் எதையும் கேட்டு வராத ஒரு மாலை அவரைப் போன்றவருக்கு எவ்வளவு அரிது என்பது, என் மேசைக்கு முன்னும் மனுக்காரர் வரிசை நிற்கத் தொடங்கும்வரை எனக்குத் தெரியவில்லை.