சமயநல்லூரிலிருந்து ஒரு போன்

விளாங்குடியிலிருந்து வாடிப்பட்டி வரைக்கும் எல்லாப் பிள்ளைகளும் என் மாமாவை மாமா என்றுதான் கூப்பிட்டார்கள். அதில் எனக்கிருந்த வயிற்றெரிச்சல் கொஞ்சநஞ்சமல்ல. அம்மாவின் கூடப்பிறந்த தம்பி அவர். நியாயப்படி எனக்கு மட்டும்தான் மாமா. ஆனால் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஐந்து மணி அடித்தால் உள்ளூர் கேபிள் டிவியில் நீலத்திரைக்கு முன்னால் உட்கார்ந்து ஊருக்கே மாமாவாகிவிடுவார்.

ஹார்டுவேர் கடை ஒன்றின் மாடியில் இருந்த ஒரே அறைதான் அந்த டிவி நிலையம். வாரநாட்களில் மாமா பள்ளிக்கூட ஆபீசில் கிளார்க். ஞாயிறன்று இஸ்திரி போட்ட சட்டையில் வேறு ஆளாக இருப்பார். பிள்ளைகள் போன் போட்டு விடுகதை சொல்லும், பாடும், ஒன்றும் தெரியாததுகள் வாய்ப்பாடு ஒப்பிக்கும். யார் கூப்பிட்டாலும் அவருடைய முதல் பேச்சு ஒன்றுதான்.

"பாப்பா, மொதல்ல டிவி சவுண்டக் கொறைச்சுட்டு வாங்க."

லைன் கிடைத்ததும் பல பிள்ளைகளுக்கு வாய் அடைத்துவிடும். மற்ற சேனல்களில் லைன் கட்டாகிவிட்டது என்று அடுத்த ஆளுக்குப் போய்விடுவார்கள். மாமா காத்திருப்பார். தலையை ஒருபக்கம் சாய்த்துக்கொண்டு, அந்தப் பிள்ளை பேசும்வரை அரை நிமிஷமோ ஒரு நிமிஷமோ சும்மா உட்கார்ந்திருப்பார். டிவியில் ஒரு நிமிஷம் சும்மா இருப்பது எவ்வளவு நேரம் என்று பார்த்தவர்களுக்குத் தெரியும்.

சொந்தக்காரப் பிள்ளைகள் போன் போடக்கூடாது என்று ஒரு சட்டம் வைத்திருந்தார். "ஒனக்கென்ன ஆத்தா, வீட்டுலயே எங்கூட அம்புட்டு நேரம் பேசுற. அதுகளுக்கு இந்த ஒரு மணி நேரந்தான" என்பார். எனக்கு அழுகை அழுகையாக வரும்.

போதாக்குறைக்கு வாடிப்பட்டியிலிருந்து ஓர் அக்கா வேறு. எட்டு வயதில் முதல்முறை போன் போட்டு, பேச வராமல் அழுதுவிட்ட பிள்ளையாம். மாமா காத்திருந்து பேச வைத்தாராம். கல்லூரிக்குப் போன பிறகு சனிக்கிழமைதோறும் பஸ் ஏறி மாமா வீட்டுக்கு வந்து, கையில் கரண்டியை மைக்காகப் பிடித்துக்கொண்டு பேசிப் பழகினார். எங்கே நிறுத்த வேண்டும், எப்போது சிரிக்க வேண்டும் என்றெல்லாம் மாமா சொல்லிக்கொடுப்பார். நடுவில் நான் போய் நின்றால் இருவரும் என்னைக் கவனிக்க மாட்டார்கள். "எனக்கப்பறம் இவதான்" என்று மாமா பெருமையாகச் சொல்வார். அப்புறம் என்றால் எப்போது என்று நான் யோசித்ததில்லை.

நான் ஐந்தாம் வகுப்பு படித்த வருஷம், ஒரு ஞாயிற்றுக்கிழமை மாமாவின் நாற்காலியில் அந்த அக்கா உட்கார்ந்திருந்தார். மாமாவுக்குத் தொண்டை கட்டியிருக்கிறது என்று வீட்டில் சொன்னார்கள். தொண்டையில் கட்டி இருந்தது, பேசவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார் என்பதெல்லாம் நான் போனால் நின்றுவிடும் பேச்சாக அடுப்படிக்குள் இருந்தது. எனக்குத் தெரிந்ததெல்லாம் இதுதான்: எங்கள் நாற்காலியை ஒருத்தி பிடுங்கிக்கொண்டாள்.

திங்கட்கிழமை பள்ளி வேனில் ஒன்பது பேரைச் சேர்த்தேன். யார் எப்போது போன் போட வேண்டும், என்ன சொல்ல வேண்டும் என்று வாரம் முழுக்கப் பாடம் எடுத்தேன். ஞாயிறன்று அம்மா கோயிலுக்குப் போன நேரத்தில் அப்பாவின் செல்போனை எடுத்து, பெயரை மாற்றி, குரலையும் கொஞ்சம் கீச்சென்று மாற்றி, சமயநல்லூரிலிருந்து பேசுவதாகச் சொன்னேன்.

"என்ன பாட்டு வேணும் பாப்பா?" என்றார் அக்கா.

"பாட்டு வேணாம். எங்களுக்கு மாமாதான் வேணும். நீங்க நல்லாவே பேசல."

அக்கா சிரித்துக்கொண்டே அடுத்த போனை எடுத்தார். அதிலும் அதே பேச்சு. நான்காவது போனில் அவருக்குக் கண் கலங்கிவிட்டது. ஐந்தரைக்கே நிகழ்ச்சியை முடித்துப் பாட்டைப் போட்டுவிட்டார்கள். வீட்டுக்குள் நான் குதித்த குதியில் கீழ்வீட்டுக்காரர் மேலே வந்து கேட்டார்.

அடுத்த வாரம் மாமா வந்துவிட்டார். கழுத்தைச் சுற்றித் துண்டு, பாதிக் குரல். பக்கத்து நாற்காலியில் அக்கா, கையை மடியில் வைத்துக்கொண்டு. போன் போட்ட ஒவ்வொரு பிள்ளையிடமும் மாமா ஒரே கேள்வியைக் கேட்டார். இனிமேல் அக்காவிடம் பேசுவீர்களா? மாட்டோம் என்று பிள்ளைகள் கத்தின. மாமா சிரித்தார். நாங்களும் இதை ஒரு விளையாட்டாகவே எடுத்துக்கொண்டு, அதற்கடுத்த வாரம் இன்னும் சத்தமாகக் கத்தினோம்.

மூன்றாவது வாரம் நான் மறுபடியும் போன் போட்டேன். அன்று அவர் குரல் காற்றாகத்தான் வந்தது.

"சமயநல்லூருப் பாப்பாவா?" என்றார். டிவி சவுண்டைக் குறைக்கச் சொல்லவில்லை. "அடுத்த வாரம் அக்கா மட்டுந்தான் இருப்பாக. நீ அக்காகிட்டப் பேசுவியா தாயி?"

"மாட்டேன்."

மாமா தலையைச் சாய்த்துக்கொண்டு காத்திருந்தார். அரை நிமிஷத்துக்கு மேலேயே இருக்கும். அக்கா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். இவ்வளவு பெரிய டிவியில் எனக்காக மாமா காத்திருக்கிறார் என்ற பெருமையில் நான் வாயே திறக்கவில்லை.

"சரி தாயி" என்று சொல்லிவிட்டு எனக்கொரு பாட்டைப் போட்டார்.

அந்த மாதம் முடிவதற்குள் மாமா போய்விட்டார். பஸ் ஸ்டாப்பிலிருந்து மார்க்கெட் வரைக்கும் அவர் சிரிக்கும் பிளக்ஸ். எங்கெங்கிருந்தோ பிள்ளைகள் வந்தன. வாடிப்பட்டி அக்கா பந்தலுக்கு வெளியே, தண்ணீர் கேன் பக்கத்தில் நின்றார். அம்மா கூப்பிட்டும் உள்ளே வரவில்லை. தோற்றுப்போன வெட்கம் என்று நினைத்து, அந்தத் துக்கத்திலும் அவரை ஒரு முறை முறைத்துவிட்டுத்தான் உள்ளே போனேன். அப்புறம் அந்த ஐந்து மணிக்குச் சினிமாப் பாட்டு ஓடியது. அக்காவை அந்த நாற்காலியில் யாரும் உட்கார வைக்கவில்லை. பிள்ளைகளுக்குப் பிடிக்கவில்லை என்பதை டிவி நிலையத்துக்காரர்களே காதாரக் கேட்டுவிட்டார்களே.

மாமாவைப் பேச வைத்துக் கொன்றவள் நான்தான் என்று வளர்ந்த பிறகு எனக்குள் ஒரு பயம் உட்கார்ந்துகொண்டது. சொந்தக்காரர்கள் வீட்டு விசேஷத்துக்குப் போனால் மாமாவை இழந்த அத்தையின் முகத்தைப் பார்க்கக் கூசும். போன ஆடித் தள்ளுபடிக்குத் துணி எடுக்கப் போன பெரிய கடையில், எந்த மாடியில் என்ன கிடைக்கும் என்று மைக்கில் ஒரு குரல் சொல்லிக்கொண்டிருந்தது. நிறுத்த வேண்டிய இடத்தில் நிறுத்தி, சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தது. தூணுக்குப் பின்னால் நின்று அக்காவைப் பார்த்தேன். பக்கத்தில் போகத் தைரியமில்லை. துணியும் எடுக்காமல் நேரே அத்தை வீட்டுக்குப் போய் எல்லாவற்றையும் சொல்லி அழுதேன்.

"பேசுனாலும் பேசாட்டியும் அவருக்கு அம்புட்டு நாள்தான்னு டாக்டரு மொதல்லயே சொல்லிட்டாக. அதுக்காக அழுகாத" என்றார் அத்தை. நான் அழுது ஓய்ந்த பிறகுதான் மிச்சத்தையும் சொன்னார். "ஒங்கொரலு அவருக்குத் தெரியாமலா? அந்த மூணு வாரம் அவரு டிவிக்குப் போனதே அந்த வாடிப்பட்டிப் பிள்ளைக்காகத்தான். நம்ம வீட்டுப் பிள்ளை ஒருதடவ அவகிட்டப் பேசுறேன்னு சொல்லிட்டா, மத்ததுக எல்லாம் சொல்லிரும்னாரு."

இதெல்லாம் அன்று எனக்கு எங்கே தெரிந்தது? மாட்டேன் என்று சொன்னதற்கு மறுநாள், பள்ளி வேனில் ஏறியதும் ஏறாததுமாக, நாம் ஜெயித்துவிட்டோம் என்று சொன்னேன். ஒன்பது பேரும் கை தட்டினார்கள்.