இரண்டு பேர் ஆடிய சோலோ மேட்ச்

எங்கள் மாமா சாவதைப் பார்ப்பதற்கென்றே தண்ணீர்த் தொட்டி மேடையில் ஒரு கூட்டம் கூடும். பயந்துவிடாதீர்கள், போனில்தான். விமானத்திலிருந்து நூறு பேர் ஒரு தீவில் குதித்து, ஒருவரையொருவர் சுட்டுத் தள்ளி, கடைசியில் ஒரே ஒருவர் மிஞ்சுகிற அந்த விளையாட்டை நீங்களும் பார்த்திருப்பீர்கள். நடுவில் அதற்குத் தடைகூட வந்தது. பெயரை மாற்றிக்கொண்டு திரும்பி வந்துவிட்டது. நான் சொல்வது தடைக்கு முந்தைய கதை. எனக்கு அப்போது ஆறாம் வகுப்பு.

மாமா என்றால் அம்மாவின் தம்பி. கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒரு கம்பி மில்லில் வருஷக்கணக்காகக் கான்ட்ராக்ட் வேலை. தங்கல் எங்கள் வீட்டில். கூப்பிட்டால் முதல் தடவையில் திரும்பவே மாட்டார். "சம்பாரிக்கிறான் இல்ல, திமிரு" என்பாள் அம்மா. ஆனால் தட்டில் மீன் பெரிய துண்டாக விழுவது அந்தத் திமிர் பிடித்தவருக்குத்தான். அந்த மார்கழியில் வீட்டில் ஒரே பேச்சு, மாமாவைப் பர்மனென்ட் ஆக்கப்போகிறார்கள் என்பது. பெண் கேட்டுப் போன இடத்திலெல்லாம் பையன் குணம், குடி, கோத்திரம் எதையும் விசாரிக்காமல் "பர்மனென்டா?" என்று மட்டும் கேட்டு அனுப்பியிருந்தார்கள். வேலை நிலைத்துவிட்டால் பெரியபாளையத்தாளுக்கு வேப்பஞ்சேலை கட்டிச் சுற்றி வருவதாக அம்மா வேண்டிக்கொண்டிருந்தாள். எங்கள் வீட்டுக் கல்யாணம், வேண்டுதல், அம்மாவின் தூக்கம் எல்லாமே அந்த ஒரு வார்த்தையில்தான் தொங்கிக்கொண்டிருந்தன.

மாமா மட்டும் அதைப் பற்றி வாயே திறக்க மாட்டார். ஷிப்டு முடிந்து குளித்துவிட்டு, போனை எடுத்துக்கொண்டு மேடைக்கு வந்துவிடுவார். ஆடுவது சோலோ மட்டும்தான். சோலோ என்றால் தனி ஆள். விழுந்தால் தூக்கிவிடக் கூட்டாளி வரமாட்டான். அதை ஜெயிக்க ஒரு தனிப் புத்தி வேண்டும், அது மாமாவிடம் கொட்டிக் கிடந்தது. தெருப் பசங்கள் எல்லோரும் துப்பாக்கி அதிகம் கிடைக்கிற பெரிய ஊரில் போய்க் குதிப்பார்கள். குதித்த சூட்டிலேயே பாதிப் பேர் காலி. மாமா கடலோரமாக நாலே நாலு வீடு இருக்கிற பக்கம் இறங்கி, கிடைத்ததை எடுத்துக்கொண்டு, அடுத்தவர் வீட்டுக்கு விருந்துக்குப் போகிறவர் மாதிரி நிதானமாக நடப்பார். எதிரே ஆள் தெரிந்தாலும் சுட மாட்டார். பசங்கள் துடிப்பார்கள்.

"மாமா, சுடு மாமா! ஆளு எதிர்க்கவே நிக்கிறான்!"

"சும்மா இருடா. சுட்டா அந்த சத்தத்துக்கு இன்னொருத்தன் வருவான். அவங்க ரெண்டு பேரும் அட்ச்சிகினு சாவட்டும், நாம அப்பறம் போலாம்."

தீவைச் சுற்றி நீல வட்டம் சுருங்கத் தொடங்கியதும், வெளியே மாட்டினால் சாவு என்பதால், மற்றவர்கள் கடைசி நிமிஷத்தில் அலறியடித்து ஓடுவார்கள், ஓடும்போதே அடிபட்டுச் சாவார்கள். மாமா முன்கூட்டியே போய், வட்டத்தின் ஓரமாகப் பார்த்து ஒரு பாறை மறைவில் படுத்துவிடுவார். முதுகுப் பக்கம் நீலம், அங்கிருந்து எவனும் வரமாட்டான் என்பது கணக்கு. மில்லில் நாள் முழுக்க அனலில் நிற்கிறவருக்கு இருக்கிற பொறுமை டியூஷனை ஏமாற்றிவிட்டு வருகிற பசங்களுக்கு எப்படி வரும்? எல்லா ஆட்டத்திலும் கடைசிப் பத்துப் பேரில் மாமா இருப்பார்.

அங்கேதான் வந்தது வினை. கடைசியில் வட்டம் சுண்டிப்போனபின் எல்லோரும் புல்லில் படுத்திருப்பார்கள். கண் உதவாது. காதுதான் ஆட வேண்டும். இயர்போனில் காலடிச் சத்தம் வலதில் கேட்கிறதா, இடதில் கேட்கிறதா என்று பார்த்துத் திரும்ப வேண்டும். மாமா திரும்பவே மாட்டார். எவனோ ஒருவன் தடதடவென்று பக்கத்திலேயே ஓடி வருவான், மாமா ஏதோ கடற்கரையில் காற்று வாங்குகிறவர் மாதிரி படுத்திருப்பார். டுமீல். கூட்டம் "ஐயோ" என்று தலையில் கை வைத்துக்கொள்ளும்.

"இன்னா மாமா, டிராக்டரு மாதிரி வந்தான், கேக்கலியா?" என்பான் அடுத்த வீட்டு அண்ணன். பாலிடெக்னிக் படித்தான், எங்கள் தெருவுக்கு அவன்தான் சாம்பியன்.

"நெட்டு பேஜாரு பண்ணுதுடா" என்பார் மாமா. எப்போதும் நெட்டுதான் குற்றவாளி.

ஒரு நாள் நான் அவர் காதிலிருந்து இயர்போனைப் பிடுங்கி என் காதுகளில் மாட்டிக்கொண்டேன். அடேங்கப்பா! புல்லில் நடந்தால் ஒரு சத்தம், மரப்படியில் ஏறினால் ஒரு சத்தம். அந்தத் தீவு முழுக்க நடமாட்டம். "வலது பக்கம் மாமா, வலது பக்கம்!" என்று கத்தினேன். மாமா என்னைப் பார்த்து, "இன்னா?" என்றார். அதற்குள் செத்துப் போனார்.

கத்திப் பிரயோசனமில்லை என்று எனக்கு அன்றைக்குத்தான் புரிந்தது. மாமா போனை மடியில் கவிழ்த்து வைத்தார். பிறகு, "மில்லுல பண்ற மாதிரி பண்ணு" என்றார்.

மில்லில் என்ன பண்ணுவார்கள் என்று அவரே சொன்னார். பழுக்கக் காய்ந்த கம்பி ஓடி வருமுன் சங்கு ஊதுவார்களாம். மெஷினை ஒட்டி நிற்கிறவனுக்கு அந்த இரைச்சலில் சங்கு கேட்காது. அதனால் இரண்டடி தள்ளி, காதைத் தீட்டிக்கொண்டு ஓர் ஆள் நிற்பான். அவன் வலது தோளில் தட்டினால் முன்னால் நிற்கிறவன் வலது பக்கம் நகர வேண்டும். இடது தோளில் தட்டினால் இடது பக்கம். இரண்டு தோளிலும் தட்டிவிட்டால் திரும்பிக்கூடப் பார்க்காமல் பின்னால் தாவிவிட வேண்டும். மாமா இத்தனை வருஷமாக முன்னால் நின்றவர். பர்மனென்ட் ஆனால் பின்னால் நின்று தட்டுகிற வேலை அவருக்கு.

அவ்வளவுதான், எங்கள் ஆட்சி தொடங்கியது. மாமா கீழ்ப்படியில், நான் மேல்படியில். காது என்னுடையது, கண்ணும் விரலும் அவருடையது. வலது தோளில் ஒரு தட்டு தட்டினால் போதும், ஆள் திரும்பி, நின்று, சுட்டு, மறுபடி படுத்துவிடுவார். தற்பெருமை பேசக் கூடாதுதான். ஆனாலும் சொல்கிறேன், அந்தத் தையில் எங்களை அடிக்க எங்கள் தெருவிலும் ஆளில்லை, பக்கத்துத் தெருவிலும் ஆளில்லை.

காணும் பொங்கலன்று உறியடிக்கும் சைக்கிள் பந்தயத்துக்கும் நடுவில் பசங்கள் ஒரு சோலோ மேட்ச் வைத்தார்கள். கடைசியில் மிஞ்சியது மாமாவும் அடுத்த வீட்டு அண்ணனும். அண்ணன் மேடைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தான். எனக்கு அவன் காலடி கேட்டது. இடது பக்கம் புல். நின்றது. மறுபடி நகர்ந்தது. நான் மாமாவின் இடது தோளில் மெதுவாகத் தட்டினேன். மாமா அவசரப்படவில்லை. அண்ணன் இன்னும் கொஞ்சம் ஊர்ந்து வரட்டும் என்று விட்டு, எழுந்து, போட்டார் ஒரே போடு.

மேடையே அதிர்ந்தது. அண்ணன் குதித்து எழுந்தான். "இது போங்கு! சோலோல ரெண்டு பேரு ஆடுவாங்களா?"

"அவ போன தொட்டாளா? தொட்டத யாருனா பாத்தீங்களா?" என்றார் மாமா.

"தோள தொட்டா இல்ல?"

"என் அக்கா பொண்ணு என் தோள தொடக் கூடாதாடா? இன்னா நைனா, நியாயமா பேசு" என்று மாமா கூட்டத்தைப் பார்க்க, கூட்டம் சிரித்து அண்ணனை உட்கார வைத்தது. பரிசாகக் கொடுத்த எவர்சில்வர் குடத்தை நான்தான் இடுப்பில் வைத்துக்கொண்டு தெரு முழுக்கச் சுற்றினேன்.

பொங்கல் முடிந்ததும் மெடிக்கல் வந்தது. கண், ரத்தம், எக்ஸ்ரே எல்லாவற்றோடும் காது டெஸ்ட்டும் உண்டு என்றார்கள். தட்டுகிற இடத்துக்குப் போகிறவருக்குக் காது வேண்டுமல்லவா? "காதுக்கு இன்னா கேடு, கிண்ணுனு கீது" என்று அம்மா தைரியம் சொன்னாள். மாமா என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "நாளைக்கு எங்கூட வர்றியா? பஜார்ல ஸ்கேன் சென்டரு" என்றார்.

முன்பே போய் வந்த கூட்டாளி ஒருவர் விவரமெல்லாம் சொல்லியிருந்தாராம். மாமாவைக் கண்ணாடி வைத்த சின்ன அறைக்குள் உட்கார வைத்து, காதில் பெரிய ஹெட்போனை மாட்டுவார்கள். வெளியே மெஷின். சத்தம் கொடுக்கும்போது மெஷினில் அந்தக் காதின் பக்கத்துச் சின்ன லைட் எரியும். எந்தக் காதில் கேட்கிறதோ அந்தக் கையைத் தூக்க வேண்டும். நான் மெஷின் பக்கத்தில் நின்றுகொள்ள வேண்டும். வலது லைட் எரிந்தால் என் வலது தோளைத் தொட வேண்டும், இடது எரிந்தால் இடது. மாமா கண்ணாடி வழியாக என்னைப் பார்த்துக்கொள்வார்.

"செய்வியா பாப்பா?"

செய்வேனாவது! காணும் பொங்கல் குடத்தையே தூக்கியவளுக்கு இது ஒரு மேட்ச்சா? இரவெல்லாம் கனவில் தோளைத் தொட்டுக்கொண்டே இருந்தேன்.

ஸ்கேன் சென்டரில் கூட்டம். பெஞ்சில் எங்களுக்குப் பக்கத்தில் ஒடிசாவிலிருந்து வந்த ஒருவன் உட்கார்ந்திருந்தான். அதே மில்லுக்குப் புதிதாகச் சேர வந்தவன். மீசை இன்னும் சரியாக முளைக்கவில்லை, காலில் புது சேஃப்டி ஷூ, கையில் பழைய பட்டன் போன். மாமா தனக்குத் தெரிந்த மில் இந்தியில் அவனிடம் எந்த இடத்தில் போட்டிருக்கிறார்கள் என்று கேட்டார். மாமா இத்தனை நாள் நின்ற அதே இடம். மாமா கொஞ்ச நேரம் அவனுடைய ஷூவையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் அவன் வலது தோளில் ஒரு தட்டு தட்டினார். அவன் பதறி இடது பக்கம் நகர்ந்தான். மாமா தலையை ஆட்டி, கையால் காட்டிச் சொல்லிக் கொடுத்தார். மறுபடி தட்டினார். இப்போது சரியாக நகர்ந்தான். இரண்டு தோளிலும் தட்டினார். அவனுக்கு ஒன்றும் புரியவில்லை, மாமாவின் முகத்தைப் பார்த்துச் சிரித்தான். எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது. எங்கள் தட்டை ஊர் பேர் தெரியாதவனுக்குச் சொல்லிக் கொடுப்பார்களா?

மாமாவைக் கூப்பிட்டார்கள். கண்ணாடி அறைக்குள் போய் உட்கார்ந்தார். மெஷினுக்கு முன்னால் இருந்த அக்கா என்னைப் பார்த்து, "அப்பாவா?" என்றாள். "மாமா" என்றேன். நிற்கட்டும் என்று விட்டுவிட்டாள்.

முதல் லைட், வலது. வலது தோளைத் தொட்டேன். மாமா வலது கையைத் தூக்கினார். எனக்குள் ஜிவ்வென்று ஏறியது. இன்னும் ஒரு மேட்ச், இதோ முடிந்தது என்று நினைத்தேன். அப்போது மாமாவின் பார்வை என்னைத் தாண்டி பெஞ்சுப் பக்கம் போனது. திரும்பி என்னைப் பார்த்தார். லேசாகச் சிரித்தார். கண்ணை மூடிக்கொண்டார்.

இடது லைட் எரிந்தது. தொட்டேன். மாமா அசையவில்லை. வலது எரிந்தது. அழுத்தித் தொட்டேன். அசையவில்லை. நான் மாறி மாறி இரண்டு தோளையும் தட்டிக்கொண்டே இருந்தேன், கடைசியில் சத்தம் கேட்கிற அளவுக்குப் பட்டுப் பட்டென்று அடித்துக்கொண்டேன்.

"இன்னா பாப்பா, கொசு கடிக்குதா?" என்றாள் அந்த அக்கா, மெஷினைத் திருகிக்கொண்டே.

பர்மனென்ட் வேலை கிடைக்கவில்லை, பழைய இடத்துக்கும் புது ஆள் வந்துவிட்டான். மாமா பிறகு எளாவூர் செக்போஸ்ட் பக்கம் லாரிகளுக்குத் தார்ப்பாய் கட்டுகிற கடையில் சேர்ந்தார். கல்யாணமும் நடந்தது, அத்தைக்குப் பிறவியிலேயே பெருங்குரல், அதனால் வீட்டில் ஒரு குறையும் இல்லை. அம்மா மட்டும் ஆடியில் வேப்பஞ்சேலை கட்டிக்கொண்டாள். கேட்ட வேலையைத்தான் அம்மன் கொடுக்கவில்லையே என்று கேட்டதற்கு, "எம் தம்பிய அந்த மில்லுலேந்து முழுசா வெளிய அனுப்பி வச்சாளே, அது போதும்" என்று என் வாயை அடைத்தாள். அதெல்லாம் பிற்பாடு.

அன்றைக்கு ஸ்கேன் சென்டரை விட்டு வெளியே வந்ததும் மாமா எதிரே இருந்த டீக்கடையில் எனக்கு ஒரு கிரீம் பன் வாங்கிக் கொடுத்தார். நான் அதைத் தொடவில்லை. அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"நான் கரெக்டாதான காட்டினேன்? நீ ஏன் மாமா கண்ண மூடிகினே?"

மாமா என் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொண்டார். டீயை ஒரு வாய் குடித்தார்.

"எனக்குத் தட்டறதுக்கு நீ கீறே பாப்பா. அந்தப் புள்ளைக்குப் பின்னாடி நிக்கப்போறவன் நான்தான? எனக்கே கேக்கலன்னா அவனுக்கு யாரு தட்டுவா?"

இதென்ன பெரிய கவலை என்று எனக்குத் தோன்றியது. மாமாவின் பக்கம் குனிந்து, காதோரம் கையைக் குவித்து, நன்றாகக் கேட்கும்படி கத்தினேன்.

"அவங்கிட்ட பட்டன் போன்தான் மாமா கீது! அதுல அந்த கேமே ஏறாது!"

மாமா சிரித்தார். கிளாஸிலிருந்த டீ சட்டையில் கொட்டுகிற அளவுக்கு, கடைக்காரர் திரும்பிப் பார்க்கிற அளவுக்கு, கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார். நான் ரொம்பக் கெட்டிக்காரத்தனமாக ஏதோ சொல்லிவிட்டேன் என்று நினைத்துக்கொண்டு, கிரீம் பன்னைத் தின்றபடி, வீடு வரும்வரை அதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு வந்தேன்.