மாமாவின் தலையில் குடியிருந்தது

சின்னமாமாவின் தலைக்குள் ஒரு பிராணி குடியிருக்கிறது என்று எனக்குச் சொன்னவர் சின்னமாமாவேதான். ஆகவே அதை நம்பாமலிருக்க எனக்கு ஒரு காரணமும் இருக்கவில்லை. அப்போது எனக்கு எட்டு வயது.

அவர் அம்மாவின் தம்பி. யாழ்ப்பாணத்திலிருந்து கணக்காளர் படிப்புப் படிக்க வந்து, கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் ஃபிளாட்டின் முன்னறையைப் பிடித்துக்கொண்டவர். எங்கள் ஒழுங்கையில் அந்தப் படிப்பைப் படிக்காத வீடே இல்லை. முடித்தவர்கள் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு கொள்ளுப்பிட்டிக்கு வேலைக்குப் போனார்கள். முடிக்காதவர்கள் எங்கள் மாமாவைப் போல இருந்தார்கள்.

மாமா கெட்டிக்காரர். கடைசிப் பரீட்சையில் மட்டும் ஒவ்வொரு முறையும் கோட்டை விட்டார். மண்டபத்துக்குள் வினாத்தாளைத் திருப்பியதும் படித்ததெல்லாம் காணாமல் போய்விடுமாம். வெளியே வந்து பஸ் ஏறியதும் அத்தனையும் ஞாபகம் வருமாம். இன்னும் ஒருமுறை தவறினால் ஊருக்குத் திரும்பி அம்மப்பாவின் இரும்புக் கடையில் நிற்பது என்று வீட்டில் முடிவாகியிருந்தது. மாமாவோ அந்த ஒருமுறையும் வேண்டாமென்று, புத்தகங்களைக் கட்டிலுக்குக் கீழே தள்ளிவிட்டுக் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தார். மாமா இல்லாத வீட்டை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. ஏன் படிக்கிறீர்களில்லை என்று போய்க் கேட்டேன்.

“படிச்சாலும் நிக்காது குஞ்சு. மண்டைக்குள்ள ஒண்டு இருக்கு. நான் நினைக்கிறதையெல்லாம் அது தின்னுது.”

வேறு பிள்ளையென்றால் அதோடு விட்டிருக்கும். நான் விடவில்லை. எவ்வளவு பெரியது, பல் இருக்கிறதா, எது அதற்குப் பிடிக்கும் என்று துளைத்தெடுத்தேன். சொல்லச் சொல்ல மாமாவுக்கும் உற்சாகம் வந்துவிட்டது. எலிக்குஞ்சு அளவுதான் இருக்குமாம். எல்லார் தலையிலும் ஒன்று இருக்குமாம். பயந்த நினைப்பென்றால் அதற்கு உயிராம். அதைத் தின்று கொழுத்த பிறகு பக்கத்தில் கிடக்கும் படிப்பையும் சேர்த்து விழுங்கிவிடுமாம். நான் அதற்குக் கொறியன் என்று பெயர் வைத்தேன். தலைப்பேனைப் போலத் தொற்றிவிடும் என்று பயந்து, கொஞ்ச நாள் மாமாவின் சீப்பைத் தொடவில்லை. ஏழாம் வாய்பாடு எனக்கு நிற்காததற்கும் இதுதான் காரணம் என்று ரீச்சரிடம் விளக்கினேன். ரீச்சர் அதை ஏற்றுக்கொள்ளவில்லை.

அந்த நேரம் நவராத்திரி வந்தது. சரஸ்வதி பூசையன்று கும்பத்துக்கு முன்னால் புத்தகங்களை அடுக்கிவிட்டால், மறுநாள் விஜயதசமி காலையில் எடுக்கும்வரை அவற்றை ஒருவரும் தொடக்கூடாது. உலகத்திலேயே எனக்கு மிகவும் பிடித்த சட்டம் அது. அம்மா மாமாவின் புத்தகங்களையும் கேட்டார். படிக்காத புத்தகத்தை வைத்துச் சரஸ்வதியைப் பேய்க்காட்டி ஏமாற்றச் சொல்கிறாயா என்று மாமா மறுத்துவிட்டார். அம்மா குசினிக்குள் போய் அவல் குழைத்தார். அவருடைய முகத்தைப் பார்க்க எனக்கு அழுகை வந்தது.

அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது. பிழை புத்தகத்தில் இல்லையே, தலையில்தானே. கும்பத்துக்கு முன்னால் வைத்ததை ஒருவரும் தொடக்கூடாது என்றால் கொறியனும் தொடக்கூடாது. நான் மாமாவின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தேன். என் தமிழ்ப் புத்தகத்தையும் கணக்குப் புத்தகத்தையும் தள்ளி, நடுவில் இடம் செய்தேன்.

“தலையை இதில வையுங்கோ மாமா. நாளைக்கு எடுக்கலாம்.”

மாமா சிரித்தார். பிறகு என்ன நினைத்தாரோ, பாயில் படுத்து நான் காட்டிய இடத்தில் தலையை வைத்தார். புத்தகங்களுக்கு வைத்ததுபோல அவருடைய நெற்றியிலும் ஒரு செவ்வரத்தம்பூ வைத்தேன். அவல் தட்டோடு வந்த அம்மா அப்படியே நின்றுவிட்டார். எனக்கு ஏச்சு நிச்சயம் என்று ஒதுங்கினேன். அம்மா ஏசவில்லை. புத்தகங்களுக்குக் கற்பூரம் காட்டிவிட்டு, தம்பியின் தலைக்கும் காட்டினார். கண்ணை மூடியிருந்த மாமா நித்திரையாகிப்போனார். அவர் அப்படி அயர்ந்து தூங்கி எத்தனையோ நாளாகிவிட்டது என்று அம்மா அப்பாவிடம் மெதுவாகச் சொன்னார்.

மறுநாள் காலையில் புத்தகத்தை எடுத்து ஒரு பக்கமாவது வாசிக்க வேண்டும் என்பது வழக்கம். நான் வாசித்து முடித்ததும், உங்கள் தலையையும் எடுத்தாயிற்று, நீங்களும் வாசியுங்கள் என்று நின்றேன். மாமா கட்டிலுக்குக் கீழிருந்து ஒரு தடித்த ஆங்கிலப் புத்தகத்தை இழுத்துத் தூசி தட்டி, ஒரு பக்கம் வாசித்து எனக்குத் தமிழில் சொன்னார். உள்ளே வைத்திருந்தால்தானே கொறியன் தின்னும், எனக்குச் சொல்லிவைத்தால் எப்படித் தின்னும் என்று நான் கேட்டேன். மாமா அடுத்த பக்கத்தையும் வாசித்துச் சொன்னார்.

அன்றிலிருந்து பின்னேரங்களில் தண்டவாளத்தைக் கடந்து கடற்கரைக்குப் போவோம். தேய்மானம், கணக்காய்வு என்று மாமா கையை ஆட்டி ஆட்டிப் படிப்பிப்பார். எனக்கு ஒரு சொல்லும் விளங்காது. ஆனால் தலையாட்டுவதில் நான் குறை வைக்கவில்லை.

பரீட்சையன்று காலையில் மாமா சப்பாத்தைப் போட்டுக்கொண்டு எழும்பாமல் இருந்தார்.

“அங்க போய் எல்லாம் மறந்திட்டுதெண்டால் என்ன செய்யிறது?” என்று கேட்டார்.

“திரும்பி வீட்டுக்கு வாங்கோ. என்னட்ட எல்லாம் இருக்கு,” என்றேன்.

அந்த முறை மாமா பாஸாகினார். அம்மா பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்தார். மாமா என்னைக் காலி வீதிக்குக் கூட்டிப்போய் ஐஸ்கிரீம் வாங்கித் தந்தார். கொறியன் செத்துவிட்டதா என்று அவரிடம் கேட்டேன்.

“எங்க சாகிறது? மண்டபத்துக்கும் வந்து எல்லாத்தையும் திண்டுபோட்டுது. பரவாயில்லை, வீட்டில உன்னட்ட இருக்குத்தானே எண்டு நினைச்சன். பிறகு எழுத வந்திட்டுது.”

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. நான் இவ்வளவு பாடுபட்டும் அந்தச் சனியன் சாகவில்லை, மாமா அதைச் சிரித்துக்கொண்டு வேறு சொல்கிறார். வீடு வந்து சேரும்வரை அவரோடு கதைக்காமல், முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே ஐஸ்கிரீமைத் தின்று முடித்தேன். அவர் எனக்கு நன்றி சொல்லியிருக்கிறார் என்பது அன்றைக்கு எனக்கு விளங்கவில்லை.